கமராவுக்குப் பின்னால் நின்றவர்

(நூற்றாண்டு விழாவின் தொழில் வழிகாட்டல் அமர்வில், உயர்தர மாணவியர் முன்னிலையில் ஆற்றப்பட்ட உரை)

  

விழாக் குழுவினர் இந்த அமர்வுக்கு ஒரு விதி வைத்தார்கள். ஒவ்வொரு அணியும் ஒரு தொழிலைப் பற்றிப் பேச வேண்டும். ஆனால் அது பேசுபவரின் தொழிலாக இருக்கக்கூடாது. வைத்தியர் வந்து வைத்தியத் தொழிலைப் பற்றிப் பேசினால் பிள்ளைகள் கேட்டு முடிப்பதற்குள் பெற்றோர் கைதட்டி முடித்துவிடுவார்கள் என்று செயலாளர் சொன்னார். மாம்புரியில் அது உண்மைதான். ஒரு பிள்ளை சாதாரண தரத்தில் நன்றாகச் செய்துவிட்டால், உயிரியல் பிரிவு என்று வீட்டார் எழுதிவிட்டுத்தான் பிள்ளையைக் கேட்பார்கள். எங்களுக்கும் அப்படித்தான் நடந்தது. அதில் எங்களுக்குக் குறை ஒன்றுமில்லை. ஆனால் எங்கள் வகுப்பில் இருந்த எல்லாருக்கும் அது பொருந்தவில்லை என்பதையும் நாங்கள் கண்டிருக்கிறோம்.

எங்கள் அணி தேர்ந்தெடுத்தது திரைப்பட ஒளிப்பதிவாளரின் தொழிலை. மேடையில் நிற்பது ஒருவரானாலும் அணிக்காகப் பேசுவதால் ‘நாங்கள்’ என்றே பேசுகிறோம்.

தொழிலைப் பொதுவாகச் சொன்னால் மனதில் நிற்காது. அதனால் ஒரு மனிதரைக் கொண்டு சொல்கிறோம். அவர் பெயர் ஜக் ஹில்ட்யார்ட். கேள்விப்பட்டவர்கள் கையை உயர்த்துங்கள். ஒருவரும் இல்லை. சரி, ‘த மெசேஜ்’ படம் பார்த்தவர்கள்? பாருங்கள், மண்டபத்தில் பாதி! அந்தப் படத்தை ஒளிப்பதிவு செய்தவர் அவர்தான். நமது களனி கங்கைக் கரையில், கித்துல்கலவில், ஒரு பாலம் வெடித்துச் சிதறுவதை ஒளிப்பதிவு செய்து ஒஸ்கார் விருது பெற்றவரும் அவர்தான். அவர் பிடித்த படத்தை நம் வீடுகளில் உட்கார்ந்து பார்த்திருக்கிறோம். அவர் வந்து வேலை செய்த நாட்டில் வாழ்கிறோம். ஆனாலும் பெயர் தெரியாது. அந்தத் தொழிலின் இயல்பே அதுதான்.

முதலில் அந்த வேலை என்ன என்று பார்ப்போம். நடுப்பகலில் நம் கடற்கரையில் கருவாடு காயப்போடும் ஒரு பெண்ணை நினைத்துக்கொள்ளுங்கள். மேலே வெண்மையான வானம், கீழே கண்ணைக் கூசவைக்கும் மணல், தலையில் முக்காடு. முக்காட்டின் நிழலில் அவள் முகம். நாம் வானத்தைப் பார்த்தால் வானம் தெரிகிறது, முகத்தைப் பார்த்தால் முகம் தெரிகிறது. ஏனென்றால் கண்மணி தானாகச் சுருங்கும், தானாக விரியும். மூளையும் சேர்ந்து சரிசெய்துகொள்ளும். படச்சுருளுக்கு அந்த வசதி கிடையாது. அதில் விழுந்த ஒளி விழுந்ததுதான். வானத்துக்கு அளந்து வைத்தால் முகம் கரியாகும். முகத்துக்கு அளந்து வைத்தால் வானம் வெளிறிப் போகும். எதைக் காப்பாற்றுவது, எதை விட்டுக்கொடுப்பது, நிழலுக்குள் எங்கிருந்து கொஞ்சம் ஒளியைத் திருப்பிவிடுவது, எந்த மணிவரைக்கும் காத்திருப்பது என்று முடிவெடுப்பவர்தான் ஒளிப்பதிவாளர். எங்கே நின்று பார்ப்பது என்பதிலும் அவர் பங்கு பெரிது. அவரும் இயக்குநரும் எந்த இடத்தில் கமராவை நிறுத்துகிறார்களோ, அந்த இடத்திலிருந்துதான் உலகம் முழுவதும் அந்தக் கதையைப் பார்க்கும்.

ஹில்ட்யார்ட் 1908ஆம் ஆண்டு லண்டனில் பிறந்தவர். 1930களின் தொடக்கத்தில் கமராப் பிரிவின் கீழ்ப்படியில் வேலைக்குச் சேர்ந்தார். அந்தப் பிரிவுக்கு அக்காலத்தில் தெளிவான படிகள் இருந்தன. முதலில் கிளாப் பலகையைத் தட்டும் பையன். அடுத்து ஃபோகஸ் பார்ப்பவர்: நடிகருக்கும் கமராவுக்கும் உள்ள தூரத்தை அளந்து, நடிகர் நகர நகர வில்லையைத் திருப்பி, உருவம் மங்காமல் பார்த்துக்கொள்வார். அதற்கு மேலே கமராவை இயக்குபவர். எல்லாருக்கும் மேலே ஒளிப்பதிவாளர். கமராவைத் தன் கையால் தொடாமல்கூட அவர் வேலை செய்யக்கூடும். ஒளி முழுவதும் அவர் பொறுப்பு. வைத்தியசாலையில் பயிற்சி வைத்தியர், மருத்துவ அதிகாரி, விசேட நிபுணர் என்று படி இருப்பதைப் போலத்தான்.

1938இல் வெளிவந்த ‘பிக்மேலியன்’ படத்தில் அவர் கமராவை இயக்குபவர். அதே படத்தில் படத்தொகுப்பாளராக இருந்தவர் டேவிட் லீன் என்ற இளைஞர். 1944இல் லோரன்ஸ் ஒலிவியேயின் ‘ஐந்தாம் ஹென்றி’ படத்திலும் ஹில்ட்யார்ட் கமராவை இயக்குபவர்தான். முழுப் பொறுப்பும் கையில் வந்தது 1946ஆம் ஆண்டு. கணக்குப் பார்த்தால் அப்போது அவருக்கு 38 வயது. பிள்ளைகளே, இதைக் கொஞ்சம் கவனியுங்கள். உயர்தரப் பெறுபேறு வந்த மறுநாளே வாழ்க்கை முடிந்துவிட்டதாக அழுகிறவர்களை எங்கள் கிளினிக்கில் பார்க்கிறோம். இந்த மனிதர் அடுத்தவரின் ஒளியில், அடுத்தவரின் பெயரில், 10 வருடங்களுக்கு மேல் கமராவைச் சுமந்திருக்கிறார். அந்தக் காலம் வீண்போகவில்லை. பின்னால் செய்த எல்லாவற்றையும் அவர் கற்றது அப்போதுதான்.

படத்தொகுப்பாளர் டேவிட் லீன் இயக்குநரானார். 1952இல் ‘த சவுண்ட் பரியர்’, 1954இல் கறுப்பு வெள்ளையில் ‘ஹொப்சன்ஸ் சொய்ஸ்’, 1955இல் வெனிஸ் நகரத்தை வண்ணத்தில் காட்டிய ‘சமர்ரைம்’ ஆகிய மூன்றிலும் ஹில்ட்யார்டே ஒளிப்பதிவாளர். நான்காவது படத்துக்காக இருவரும் இலங்கைக்கு வந்தார்கள். அதுதான் 1957இல் வெளிவந்த ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்’.

கதை இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியரின் போர்க்கைதிகள் தாய்லாந்தில் ரயில்பாதைக்காகப் பாலம் கட்டுவது பற்றியது. படம் பிடிக்கப்பட்டதோ இங்கே. களனி கங்கை குவாய் ஆறாக மாறியது. கல்கிசையில் கடலோரம் இருக்கும் ஹொட்டேல் படத்தில் இராணுவ வைத்தியசாலையாக வந்தது. அந்த ஒரு காட்சிக்காகவே வைத்தியர்கள் எல்லாரும் படத்தைப் பார்க்க வேண்டும். அப்படி ஒரு வைத்தியசாலையில் வேலை செய்யும் பாக்கியம் எங்களுக்குக் கிடைக்கவில்லை! கித்துல்கலவில் மரங்களை யானைகளைக் கொண்டு இழுத்து, உண்மையான பாலம் ஒன்றைக் கட்டினார்கள். அதன் மேல் உண்மையான ரயிலை ஓடவிட்டு வெடிக்க வைப்பதுதான் படத்தின் உச்சம். ஒரு பாலம், ஒரு ரயில். தவறினால் மறுபடி எடுக்க முடியாது. அதனால் ஆற்றின் இருபக்கமும் பல கமராக்கள், ஒவ்வொன்றுக்கும் ஓர் ஆள்.

1957 மார்ச் 10ஆம் திகதி அதற்கு நாள் குறித்தார்கள். பிரதமர் எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்க பார்க்க வந்திருந்தார். ரயில் புறப்பட்டுவிட்டது. ஒளிப்பதிவாளர்களில் ஒருவர் பாதுகாப்பான இடத்துக்கு வந்து சேர்ந்தது மட்டும் உறுதியாகவில்லை. பிரதமர் பார்த்துக்கொண்டிருக்க, லீன் வெடிக்க வைக்காமல் நிறுத்தினார். ரயில் பாலத்தைக் கடந்து அக்கரையில் இருந்த மின்பிறப்பாக்கியில் மோதிச் சேதமானது. அதைத் திருத்தி மறுநாள் காலை பாலத்தை வெடிக்க வைத்தார்கள். உலகம் பார்த்தது அந்த மறுநாள் காட்சியைத்தான்.

எங்கள் தொழிலில் சத்திரசிகிச்சை தொடங்கும்முன் ஒரு பட்டியலை வாசித்து, ஒவ்வொருவரும் தயார் என்று வாயால் சொன்ன பிறகுதான் கத்தியைக் கையில் எடுப்பார்கள். ஒருவர் சொல்லாவிட்டாலும் எல்லாரும் நிற்க வேண்டும். கித்துல்கலவில் அன்று நடந்ததும் அதுவே. ஒரு ரயிலைவிட ஓர் ஆள் பெரிது. எந்தத் தொழிலுக்குப் போனாலும் இதை எடுத்துக்கொண்டு போங்கள்.

அந்தப் படத்துக்கு ஏழு ஒஸ்கார் விருதுகள் கிடைத்தன. அதில் ஒன்று ஒளிப்பதிவுக்காக ஹில்ட்யார்டுக்கு. இன்னொன்று திரைக்கதைக்காக, மூல நாவலை எழுதிய பியர் பூலுக்கு. உண்மையில் திரைக்கதையை எழுதியவர்கள் கார்ல் ஃபோர்மனும் மைக்கல் வில்சனும். இருவரும் அமெரிக்காவில் கம்யூனிஸ்டுகள் என்ற பெயரில் கறுப்புப் பட்டியலில் வைக்கப்பட்டவர்கள். அதனால் அவர்கள் பெயர் படத்திலேயே வரவில்லை. இருவரும் இறந்த பிறகுதான் விருது அவர்களுக்கு உரியது என்று ஏற்றுக்கொண்டார்கள். பலகையில் எழுதியிருக்கும் பெயரும் வேலை செய்த ஆளும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் இதற்கு ஒரு வேலை இருக்கிறது.

இனி நம் பக்கத்துக்கு வருவோம். கித்துல்கலவில் படப்பிடிப்பு நடந்த நாட்களில் ஒரு பாடசாலைச் சுற்றுலா அங்கே போனது. மட்டக்களப்பு அமிர்தகழியைச் சேர்ந்த மகேந்திரன் என்ற மாணவனும் அதில் இருந்தான். இயக்குநர் ‘மழை’ என்று குரல்கொடுத்ததும் மழை பெய்ததைப் பார்த்து வியந்துபோனதாகவும், நானும் இதைச் செய்வேன் என்று அங்கேயே முடிவெடுத்ததாகவும் பிற்காலத்தில் அவர் பேட்டிகளில் சொன்னார். அந்த மாணவன்தான் பாலு மகேந்திரா.

புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்துத் தங்கப் பதக்கம் பெற்றார். ராமு காரியட்டின் ‘நெல்லு’ என்ற மலையாளப் படம் 1974இல் வெளிவந்தது. அதன் ஒளிப்பதிவுக்கு கேரள அரசின் விருது. 1977இல் அவரே இயக்கிய கன்னடப் படமான ‘கோகிலா’வுக்கும், 1982இல் ‘மூன்றாம் பிறை’க்கும் ஒளிப்பதிவுக்கான இந்திய தேசிய விருது. ‘முள்ளும் மலரும்’ படத்தில் மலைச்சாரலின் பனியையும் வெயிலையும் பார்த்தவர்களுக்கு அவர் கண் எப்படிப்பட்டது என்று தெரியும். ஜன்னல் வழியாக வரும் வெளிச்சம், வாசல் வெளிச்சம், மரத்தடி வெளிச்சம் என்று அங்கே ஏற்கெனவே இருக்கும் ஒளியிலேயே காட்சியை அமைப்பது அவருக்குப் பிடித்தமானது. தமிழ்ப் படங்களில் முகங்கள் வீட்டுக்குள் இருப்பது போலவே தெரியத் தொடங்கியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. 2007இல் ‘சினிமா பட்டறை’ என்று ஒரு பயிற்சிக்கூடம் தொடங்கி இளையவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார். 2014 பெப்ரவரியில் சென்னையில் காலமானார்.

கித்துல்கலவில் யாரும் அந்த மாணவனுக்கு வகுப்பு எடுக்கவில்லை. ஹில்ட்யார்டுக்கு அவன் அங்கே நின்றதே தெரிந்திருக்காது. அவன் செய்ததெல்லாம் பார்த்ததுதான். ஆனால் பார்ப்பதற்கு அவன் அங்கே போயிருக்க வேண்டும். யாரோ ஓர் ஆசிரியர் பஸ் பேசியிருக்கிறார். வீட்டில் யாரோ சம்மதம் சொல்லியிருக்கிறார்கள்.

ஒஸ்கார் வாங்கிய பிறகு ஹில்ட்யார்ட் என்ன செய்தார்? அடுத்த வேலைக்குப் போனார். லீனின் அடுத்த படமான ‘லோரன்ஸ் ஒஃப் அரேபியா’வை ஃபிரெடி யங் என்ற வேறொருவர் ஒளிப்பதிவு செய்தார். ஹில்ட்யார்ட் 1960இல் வந்த ‘த சண்டௌனர்ஸ்’ படத்துக்காக அவுஸ்திரேலியா போனார். 1963இல் வந்த ‘55 டேய்ஸ் அட் பீக்கிங்’ படத்துக்காக ஸ்பெயினில் போடப்பட்ட சீன நகரத்தில் வேலை செய்தார். மொத்தம் 80க்கும் மேற்பட்ட படங்கள். சில பெரியவை, சில இன்று யாருக்கும் நினைவில்லாதவை. அவருக்கு மீண்டும் ஒஸ்கார் கிடைக்கவில்லை. அதற்காக வேலை நிற்கவுமில்லை.

கிட்டத்தட்ட 70 வயதை நெருங்கும்போதுதான், சிரியாவில் பிறந்த முஸ்தபா அக்காத் இயக்கிய ‘த மெசேஜ்’ வந்தது. 1976ஆம் ஆண்டு. மொரோக்கோவில் தொடங்கி, அங்கே தொடர முடியாமல் போய், லிபியாவில் முடித்த படம். ஆங்கிலத்தில் ஒரு நடிகர் குழு, அரபியில் இன்னொரு குழு. ஆங்கிலத்தில் ஹம்ஸா (ரழி) அவர்களாக நடித்தவர் அந்தோனி குயின், அரபியில் அப்துல்லா கைத். ஒரே காட்சியை இரு குழுக்களையும் வைத்து இரண்டு தடவை எடுக்க வேண்டும். பாலைவனத்தில் சூரியன் இதற்கெல்லாம் காத்துக்கொண்டிருக்காது. முதல் தடவையின் நிழலும் இரண்டாம் தடவையின் நிழலும் ஒன்றாக இருக்காது. அதையும் சமாளிக்க வேண்டும்.

அதைவிடக் கடினமான ஒன்று அந்தப் படத்தில் இருந்தது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் உருவமோ குரலோ வரக்கூடாது. எனவே சில காட்சிகளில் எதிரே இருப்பவர்கள் கமராவை நேராகப் பார்த்துப் பேசுகிறார்கள். படமெடுத்தது சரியா தவறா என்பதில் உலமாக்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. எங்கள் வீடுகளிலும் உண்டு. வாப்பாமார் கெசட் வாடகைக்கு எடுத்து வர, உம்மும்மா பார்க்க மாட்டேன் என்று உள்ளே போய்விட்டு, கதவிடுக்கால் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்த வீடுகள் எத்தனையோ. அந்த விவாதத்துக்குள் நாங்கள் போகவில்லை. ஒளிப்பதிவாளரின் பக்கத்திலிருந்து மட்டும் பார்க்கிறோம். காட்டக்கூடாத ஒன்றைக் காட்டாமல், அதன் மரியாதை குறையாமல், மூன்று மணிநேரம் பார்வையாளரை உட்கார வைக்க வேண்டும். கமராவை வைக்கும் உயரம், தூரம், அது நகரும் வேகம் எல்லாவற்றிலும் அடக்கம் வேண்டும். எங்கே ஒதுங்கி நிற்பது என்று தெரிந்த ஒருவருக்குத்தான் அந்த வேலை முடியும். கிளாப் பலகையின் பக்கத்திலிருந்து தொடங்கிய ஹில்ட்யார்ட் அதை வாழ்நாள் முழுவதும் செய்துவந்தவர். பின்னர் அதே அக்காத்துடன், லிபிய வீரர் உமர் முக்தாரின் கதையான ‘லயன் ஒஃப் த டெசர்ட்’ படத்தையும் செய்தார். 1990இல் காலமானார்.

இதெல்லாம் ஆண்கள் செய்யும் வேலை என்று இங்கே சில தாய்மார் நினைப்பது முகத்தில் தெரிகிறது. பெரும்பாலும் அப்படித்தான் இருந்தது. ஒளிப்பதிவுக்கான ஒஸ்காருக்கு ஒரு பெண் பரிந்துரைக்கப்பட்டதே 2018இல்தான். ஆனால் தமிழில் அந்தக் கதவு முன்னரே திறந்தது. இயக்குநர் பி. ஆர். பந்துலுவின் மகள் பி. ஆர். விஜயலட்சுமி, ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்து கற்று, 1985இல் ‘சின்ன வீடு’ படத்துக்குத் தாமே ஒளிப்பதிவாளரானார். ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று அவரைச் சொல்வார்கள்.

எல்லாரும் சினிமாவுக்குப் போங்கள் என்று சொல்ல நாங்கள் வரவில்லை. அப்படிச் சொன்னால் அடுத்த விழாவுக்கு எங்களைக் கூப்பிட மாட்டார்கள். எங்களுக்கு வேறொரு கவலை. இந்தக் கரைக்குக் கமரா வராமல் இல்லை. காற்றாலைகளைப் பிடிக்க வருகிறது, நுரைச்சோலையின் புகைபோக்கியைப் பிடிக்க வருகிறது, கற்பிட்டியில் டொல்பினைப் பிடிக்க வருகிறது. வருகிறவர்கள் தங்களுக்கு வேண்டிய இடத்தில் நின்று பிடித்துக்கொண்டு போகிறார்கள். 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட குடும்பங்களின் பிள்ளைகள் எங்கள் வாங்குகளில் வந்து உட்கார்ந்தபோது நாங்கள் சின்னப் பிள்ளைகள். அவர்களில் ஒருத்தியிடம் உங்கள் வீடு எப்படி இருக்கும் என்று கேட்டோம். படம் ஒன்றும் கொண்டுவரவில்லை என்று சொல்லி, கொப்பியின் பின்பக்கத்தில் வரைந்து காட்டினாள். இங்குள்ள ஒரு பிள்ளை, இங்கே நின்று, இங்குள்ள வெளிச்சத்தில் இந்த ஊரைப் பதிவுசெய்யப் பழகியிருந்தால் அது ஒரு தொழில் மட்டுமல்ல, ஊருக்கு ஒரு சொத்து.

பிற்பகல் பொதுக்கூட்டத்தில் நூற்றாண்டு நிதியில் மிஞ்சியிருக்கும் பணத்தைப் பற்றித் தீர்மானம் எடுக்கப்படும். நுழைவாயிலில் ஒரு வளைவு கட்டி, நன்கொடை கொடுத்தவர்களின் பெயர்களைப் பொறிக்கலாம் என்று ஒரு முன்மொழிவு இருக்கிறது. முன்மொழிந்தவர்கள் நல்ல மனதோடுதான் முன்மொழிந்தார்கள். எங்கள் அணி மாற்றாக ஒன்றை முன்மொழிகிறது. அந்தப் பணத்தை வைப்பில் இட்டு, அதன் வட்டியில் ஒவ்வொரு வருடமும் உயர்தர மாணவியரை ஒரு சுற்றுலா அனுப்புவோம். எங்கள் பாடசாலைக் காலம் முழுவதும் யுத்தம். நாங்கள் போன மிகத் தொலைவான இடம் அனுராதபுரம். இன்று வீதி திறந்திருக்கிறது, ஆனால் 2022க்குப் பிறகு பஸ் கட்டணத்தைக் கேட்டாலே வாப்பாமாரும் அப்பாமாரும் பேச்சை மாற்றுகிறார்கள். சம்மதக் கடிதம் கையெழுத்தில்லாமல் பைக்குள்ளேயே கிடக்கிறது.

முதல் சுற்றுலா கித்துல்கலவுக்குப் போகட்டும். விடியற்காலையில் புறப்பட்டு, பாலாவி, புத்தளம், குருணாகல் தாண்டிப் போகலாம். பாலம் இப்போது இல்லை. அத்திவாரத்தின் கொங்கிறீட் மிச்சங்கள் மட்டும் ஆற்றோரம் தெரியும். அதைப் பார்த்து யாரும் ஒளிப்பதிவாளர் ஆகாமல் போகலாம். ஒருத்தி பொறியியலாளர் ஆகலாம், ஒருத்தி ஆற்று மண்ணைப் படிக்கலாம், ஒருத்தி வெறுமனே அன்றைய நாளைச் சந்தோஷமாகக் கழித்துவிட்டு வரலாம். எவளுக்கு எது பிடித்துக்கொள்ளும் என்று முன்கூட்டியே எங்களால் சொல்ல முடியாது. அதற்காகத்தானே அனுப்பச் சொல்கிறோம்.

எங்கள் அணியின் பங்கு சங்கத்தின் பொருளாளரிடம் ஏற்கெனவே கொடுக்கப்பட்டிருக்கிறது. எதிலும் பெயர் பொறிக்க வேண்டாம் என்றும் சொல்லிவிட்டோம். பெற்றோரிடம் ஒரேயொரு வேண்டுகோள். அடுத்த தவணையில் பிள்ளை ஒரு கடிதத்தைக் கொண்டுவந்து நீட்டுவாள். தயவுசெய்து கையெழுத்துப் போடுங்கள்.